கூட்டம் முடிந்த பிறகு வரும் மேன்முறையீடு

வெள்ளவத்தை காலி வீதியில் அண்ணன் தம்பிமார் சேர்ந்து நடத்தும் ஒரு புடவைக்கடைக் கம்பனி என்று வைத்துக்கொள்வோம். வருடாந்தப் பொதுக்கூட்டத்தில் கடைசித் தம்பியைப் பணிப்பாளர் பதவியிலிருந்து நீக்கத் தீர்மானம் வருகிறது. 2007 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கக் கம்பனிகள் சட்டப்படி அந்தக் கூட்டத்துக்குக் குறைந்தது 15 வேலைநாள் முன்னறிவித்தல், அதாவது மூன்று கிழமை வேண்டும். சட்டத்தரணியைப் பிடித்து, பங்குதாரர் மீதான ஒடுக்குமுறைக்கு எதிரான 224 ஆம் பிரிவின் கீழ் வர்த்தக மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டு, இடைக்காலத் தடை கேட்பதற்குள் பாதி நாள் ஓடிவிடும். தடை மறுக்கப்பட்டால், மேன்முறையீட்டு அனுமதி கேட்க 14 நாள் உண்டு. ஆனால் உயர் நீதிமன்றத்தில் மனு கூப்பிடப்படும் அன்று கூட்டம் முடிந்து, காசோலையில் கையெழுத்தும் மாறியிருக்கும். தடுப்பதற்கு ஒன்றும் மிஞ்சியிருக்காது.

இத்தனைக்கும் 1996 ஆம் ஆண்டின் 10 ஆம் இலக்கச் சட்டம் குறுக்குவழிதான் போட்டுக் கொடுத்தது. வர்த்தக மேல் நீதிமன்றத் தீர்ப்பு, மேன்முறையீட்டு நீதிமன்றத்தைத் தாண்டி நேரே புதுக்கடை உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். அடிப்படை உரிமை மனுக்களும் சட்டமூலங்களின் அரசியலமைப்புப் பொருத்தமும் அதே நீதியரசர்களின் மேசைக்குத்தான் வருகின்றன. 2020 இல் அவர்களின் எண்ணிக்கை 11 இலிருந்து 17 ஆக உயர்த்தப்பட்டது. புடவைக்கடைத் தம்பி அந்த வரிசையில் எங்கே நிற்பார் என்று சொல்லத் தேவையில்லை.

இந்தியாவில் படி ஒன்று கூட. தேசியக் கம்பனிச் சட்டத் தீர்ப்பாயம், அதன் மேல் மேன்முறையீட்டுத் தீர்ப்பாயம், பிறகுதான் உச்ச நீதிமன்றம். அங்கே நேர்மாறான கூத்து ஒன்று நடந்தது. கடனில் மூழ்கிய பூஷண் பவர் அண்ட் ஸ்டீலை எடுத்துக்கொள்ளும் ஜே.எஸ்.டபிள்யூ ஸ்டீல் நிறுவனத்தின் திட்டத்துக்கு 2019 இல் தீர்ப்பாயம் ஒப்புதல் தந்தது. 2021 இல் கடன் கொடுத்தவர்களுக்கு 19,000 கோடி ரூபாய்க்கு மேல் கொடுபட்டது. உலை எரிந்தது, உருக்கு விற்றது. எல்லாம் முடிந்த கதை என்று நினைத்திருந்த வேளையில், நிலுவையில் கிடந்த மேன்முறையீட்டில் 2025 மே 2 அன்று உச்ச நீதிமன்றம் திட்டத்தைத் தள்ளி, கம்பனியைக் கலைக்கச் சொன்னது. ஜூலை 31 இல் அதே நீதிமன்றம் அந்தத் தீர்ப்பைத் திரும்பப் பெற்று, செப்டம்பர் 26 இல் திட்டத்தை உறுதி செய்தது.

கொழும்பில் மேன்முறையீடு சத்தமில்லாமல் சாகிறது. டெல்லியில் சாக மறுத்து ஓடும் ஆலையை உலுக்குகிறது. இரண்டிலும் முடிவைத் தீர்மானித்தது முதல் நாளில் தடை கிடைத்ததா என்பதுதான். அதன் பிறகு எழுதப்படும் சட்ட வியாக்கியானம் எவ்வளவு அழகாக இருந்தாலும் தாமதமாக வந்ததே.

ஒரு வேறுபாடு தம்பிக்குச் சாதகமானது. செத்தது அனுமதி மனு மட்டும். 224 ஆம் பிரிவு மனு கீழே உயிரோடு இருக்கிறது. அங்கே நிர்வாகத்தை ஒழுங்குபடுத்தவோ, அவரது பங்குகளை மற்றவர்கள் வாங்கிக்கொள்ளவோ நீதிமன்றம் கட்டளையிடலாம். உயர் நீதிமன்றச் செலவுக்கு வைத்த காசைப் பங்கு மதிப்பீட்டாளருக்குக் கொடுப்பது அவருக்கு உத்தமம்.