மண்ணில் விழுந்தவனுக்கு ஒரு எண்

சென்னையில் உட்கார்ந்து அமெரிக்க மருத்துவமனைகளின் அவசரப் பிரிவு சார்ட்டுகளுக்குக் கோட் போடுவது என் வேலை. சனி, ஞாயிறு கழிந்து வரும் சார்ட்டுகளில் டர்ட் பைக் பையன்கள் நிச்சயம் இருப்பார்கள். மருத்துவர் எழுதியிருப்பது நாலே வரி: வயது பதினைந்து, மேட்டிலிருந்து தாவி இறங்கும்போது கைப்பிடிக்கு மேல் தூக்கி எறியப்பட்டான், ஹெல்மெட் போட்டிருந்தான், வலது காறை எலும்பு நடுவில் முறிந்து விலகியிருக்கிறது.

இதற்கு முதல் கோட் எஸ்42.021ஏ. எந்த எலும்பு, எந்தப் பக்கம், எலும்பு விலகியதா, தோல் கிழிந்ததா, சிகிச்சை எந்தக் கட்டத்தில் இருக்கிறது என்று அத்தனையும் அந்த ஏழு எழுத்துக்குள் அடக்கம். அடுத்தது வி86.56எக்ஸ்ஏ. டர்ட் பைக் ஓட்டியவர், பொதுச் சாலைக்கு வெளியே அடிபட்டார் என்று பொருள். முதல் கோட் இல்லாவிட்டால் கிளெய்ம் திரும்பி வந்துவிடும். இரண்டாவதற்கென்று தனியாகக் காசு கிடையாது. மாநிலமோ காப்பீட்டு நிறுவனமோ கேட்டால் ஒழிய, நாடு முழுக்க அதைக் கட்டாயமாக்கும் விதியும் இல்லை. அதனால் புதிதாக வரும் பிள்ளைகள் அதைத் தாண்டிப் போகப் பார்ப்பார்கள். நான் விடுவதில்லை. அந்த எண் வந்து சேர்ந்த பாதை எனக்குத் தெரியும்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்தின் பதிவாளர் அலுவலகத்தில் புள்ளியியல் பார்த்த வில்லியம் ஃபார், சாவின் காரணங்களை ஐந்து கூட்டமாகப் பிரித்தார். ஐந்தாவது, வன்முறையாலும் விபத்தாலும் நேர்வது. பாரிஸ் நகரப் புள்ளியியல் துறைத் தலைவர் ஜாக் பெர்த்தியோன் தயாரித்த 161 தலைப்புகள் கொண்ட பட்டியல் 1893இல் சிகாகோ மாநாட்டில் ஏற்கப்பட்டது. பத்தாண்டுக்கு ஒருமுறை அதைத் திருத்த வேண்டும் என்று 1898இல் ஒட்டாவாவில் கூடிய அமெரிக்கப் பொதுச் சுகாதாரச் சங்கம் பரிந்துரைத்தது. ஆனால் இவையெல்லாம் செத்தவர்களின் கணக்கு. காறை எலும்பு முறிந்தவன் பிழைத்துக்கொள்வான். அவனுக்கு அதில் இடமே இல்லை.

அந்த இடம் 1948இல் கிடைத்தது. உலக சுகாதார நிறுவனத்தின் கைக்கு வந்த அந்தப் பட்டியலின் ஆறாம் திருத்தம், உயிரோடிருப்பவர்களின் நோயையும் காயத்தையும் சேர்த்துக்கொண்டது. அதோடு ஒரே காயத்துக்கு இரண்டு பட்டியல் கொடுத்தது. உடம்பில் என்ன உடைந்தது என்பதற்கு ‘என்’ வரிசை. உடைத்தது எது என்பதற்கு ‘ஈ’ வரிசை. இன்றைக்கு ஒரு சார்ட்டில் நான் எஸ்ஸையும் வி-யையும் அடுத்தடுத்து எழுதுகிறேன் என்றால், அது அங்கே தொடங்கிய வழக்கம். இந்தத் தொழிலில் நடந்த பெரிய காரியம் என்று கேட்டால் நான் இதைத்தான் சொல்வேன், கம்ப்யூட்டரை அல்ல.

வண்டியின் கதை இதற்கு இணையாக வேறொரு பக்கம் ஓடியது. 1924இல் இங்கிலாந்தின் கேம்பர்லியில் மேடுபள்ளங்களில் நடந்த பந்தயத்தை மோட்டோகிராஸின் தொடக்கமாகச் சொல்கிறார்கள். அறுபதுகளில் அது அமெரிக்காவைப் பிடித்தது. 1972இல் லாஸ் ஏஞ்சல்ஸ் கொலிசியம் விளையாட்டரங்கத்துக்குள்ளேயே மண்ணைக் கொட்டி ஓட்டினார்கள். பட்டியலோ மெதுவாகத்தான் வந்தது. அமெரிக்கா 1979இல் எடுத்துக்கொண்ட ஒன்பதாம் திருத்தத்தில், பனியில் ஓடும் வண்டிக்கு ஈ820 என்று தனி எண் உண்டு. சாலைக்கு வெளியே ஓடும் மற்ற வண்டிகளுக்கெல்லாம் சேர்த்து ஈ821.

இப்படிக் கலந்து கட்டினால் என்ன நஷ்டம்? எண்பதுகளில் அமெரிக்காவில், சாலைக்கு வெளியே ஓடும் மூன்று சக்கர ஏ.டி.வி. வண்டிகள் கவிழ்ந்து பிள்ளைகள் செத்தார்கள். 1988இல் நீதிமன்ற உடன்பாட்டின்படி அவற்றின் விற்பனையைக் கம்பெனிகள் நிறுத்தின. நுகர்வோர் பொருள் பாதுகாப்பு ஆணையம், தேர்ந்தெடுத்த மருத்துவமனைகளின் அவசரப் பிரிவுகளிலிருந்து காயக் கணக்கைத் தானே திரட்டிவந்தது. எந்த வண்டி, எத்தனை பேர் என்று தனியாக எண்ணிய ஒருவர் இருந்ததால்தான் கேள்வி கேட்க முடிந்தது.

2015 அக்டோபர் 1 முதல் பத்தாம் திருத்தத்தின் அமெரிக்க வடிவம் நடைமுறைக்கு வந்தது. சுமார் 14,000 ஆக இருந்த நோய்க் கோட்கள் ஏறக்குறைய 69,000 ஆயின. அத்தனை விரிந்த புத்தகத்திலும், பனிவண்டிக்குத் தனி இடம், மணல்மேட்டு வண்டிக்குத் தனி இடம். டர்ட் பைக் மட்டும் கோல்ஃப் கார்ட், கோ-கார்ட்டோடு ‘மற்றவை’யில் கிடந்தது. புல்வெளியில் கோல்ஃப் கார்ட் சாய்ந்து விழுந்த தாத்தாவும், ஆகாயத்திலிருந்து மண்ணில் மோதிய பேரனும் ஒரே எண். 2017 அக்டோபரில்தான் டர்ட் பைக்குக்குத் தனி எண் வந்தது.

இந்த வரிசையில் எனக்குப் பிடித்த விதி ஒன்று உண்டு. விபத்து நடந்த இடத்தை மருத்துவர் எழுதவில்லை என்றால், சாதாரண மோட்டார் வண்டி பொதுச் சாலையில் அடிபட்டதாகக் கொள்ள வேண்டும். சம்பந்தப்பட்டது சாலைக்கு வெளியே ஓடும் வண்டி மட்டும் என்றால், மாற்றி எழுதியிருந்தாலொழிய, சாலையில் நடக்கவில்லை என்றே கொள்ள வேண்டும். பையன் பொதுச் சாலையைக் குறுக்கே கடக்கும்போது விழுந்தான் என்று இருந்தால் வி86.06. மருத்துவர் வெறுமனே ‘மோட்டார் சைக்கிள் விபத்து’ என்று எழுதிவிட்டால் வி20 முதல் வி29 வரையுள்ள மோட்டார் சைக்கிள் வரிசைக்குப் போய்விடும். மண்பாதையில் விழுந்தவன் சாலைக் கணக்கில் ஏறிவிடுவான்.

போன மாதம் பயிற்சிக்கு வந்த திண்டிவனத்துப் பெண், “அக்கா, இதுல ரோடுன்னு எங்கேயும் போடலையே, நான் என்ன எடுக்கட்டும்?” என்று கேட்டாள். “வண்டி என்னன்னு பாரும்மா முதல்ல” என்றேன். பார்த்தாள், வி86.56ஐத் தானாகவே பிடித்துவிட்டாள். அதற்கப்புறம் இடத்துக்கான ஒய்92 வரிசைக்குப் போனோம். பாலைவனத்துக்கு ஒய்92.820, காட்டுக்கு ஒய்92.821. அவளுடைய சார்ட்டில் காடு என்று தெளிவாகவே இருந்தது. “இது எதுக்குக்கா, பணம் வராதே?” என்றாள். விதியை எடுத்துக் காட்டினேன். இடத்தின் கோட் முதல் சிகிச்சையின்போது ஒரே ஒரு தடவைதான் போடப்படும். பையன் தையல் பிரிக்க வரும்போதும், பிளேட்டைக் கழற்ற வரும்போதும் யாரும் அதைப் போடமாட்டார்கள். அவள் கையிலிருக்கும் சார்ட்டில் விட்டால் விட்டதுதான்.