இப்னு கல்தூனும் வில்லியனூர் கொம்யூனும்

1954 அக்டோபர் 18 அன்று வில்லியனூர் கொம்யூனில் அடங்கிய கீழூர் என்னும் சிற்றூரில் 178 பேர் கூடி வாக்களித்தனர். பிரெஞ்சிந்தியப் பிரதிநிதித்துவ சபையின் உறுப்பினர்களும் நகரசபைகளின் உறுப்பினர்களுமே அவர்கள். இந்தியாவுடன் இணைவதை 170 பேர் ஆதரித்தனர். 8 பேர் எதிர்த்தனர். நவம்பர் முதல் நாள் ஆட்சி கைமாறியது. பொதுமக்களிடம் நேரே கேளாமல் உறுப்பினர்களைக் கொண்டு முடிவு செய்தது முறைதானா என்னும் விவாதம் வரலாற்றாசிரியர்களிடையே உண்டு. அதற்குள் நாம் புகவில்லை. ஒரு கொம்யூன் உறுப்பினர் வாக்களித்தால் ஒரு நிலப்பகுதியின் கொடியே மாறும் என்னுமளவுக்கு அப்பதவி அன்று கனமுடையதாயிருந்தது என்பது மட்டும் நம் கருத்தில் நிற்கட்டும்.

வில்லியனூரும் பாகூரும் 1749இல் பிரெஞ்சுக்காரர் கைக்கு வந்தவை. ஆம்பூர்ப் போரில் தமக்குத் துணைநின்றதற்குக் கைம்மாறாக சந்தா சாகிப் அளித்த ஊர்கள் அவை. ஆட்சியுரிமையே கொடுக்கல் வாங்கலுக்குரிய பண்டமாயிருந்த காலம் அது. 1880 மார்ச் 12ஆம் நாள் ஆணையால் பிரெஞ்சிந்தியாவில் பத்து கொம்யூன்கள் அமைக்கப்பட்டபோது இவ்விரண்டும் அவற்றுள் இடம்பெற்றன. 1907இல் அரியாங்குப்பம், நெட்டப்பாக்கம் முதலியன பிரிக்கப்பட்டு எண்ணிக்கை பதினேழாயிற்று. மேயரும் உறுப்பினரும் கொண்ட மன்றங்கள் அவை. அம்மன்றங்கள் தூய மக்களாட்சியின் விளைநிலங்கள் என்று நாம் மயங்க வேண்டியதில்லை. விரல்விட்டு எண்ணத்தக்க ஐரோப்பியருக்குத் தனி வாக்காளர் பட்டியல் வகுத்துச் சமபங்கு வழங்கிய ஆட்சி அது. தேர்தல் நாள்களில் அடிதடியும் கள்ளவாக்கும் அங்கே புதுமையல்ல. ஆயினும் தேர்தல் என்ற ஒன்று நடந்தது.

விடுதலைக்குப் பின் அது நின்றுபோனதுதான் வியப்பு. 1963இல் பிரதிநிதித்துவ சபை சட்டப்பேரவையாக மாறியது. 1968இல் ஒருமுறை நகரசபைத் தேர்தல் நடந்தது. 1973இல் கிராம, கொம்யூன் பஞ்சாயத்துச் சட்டம் இயற்றப்பட்டது. 1993இல் அரசமைப்பின் 73ஆம் திருத்தம் நடைமுறைக்கு வந்து, ஐந்தாண்டுக்கொரு முறை தேர்தல் கட்டாயம் என்றது. எனினும் நீதிமன்றத்தின் தலையீட்டுக்குப் பின்னரே, 2006இல், அஃதாவது 38 ஆண்டுகள் கழித்தே அடுத்த தேர்தல் வந்தது. 98 கிராமப் பஞ்சாயத்துகள், 10 கொம்யூன் பஞ்சாயத்துகள், 5 நகராட்சிகள் என ஆயிரத்துக்கும் மேற்பட்ட பதவிகளுக்கு மக்கள் வாக்களித்தனர். அவர்களின் காலம் 2011இல் முடிந்தது. பின்னர் மீண்டும் அதிகாரிகளின் நிர்வாகம். பத்தாண்டு கடந்தும் தேர்தல் இல்லை.

இந்நிலைக்கு மக்கள் கூறும் காரணம் எளிது: அரசியல்வாதிகள் கெட்டவர்கள். இவ்விடை மனத்துக்கு ஆறுதல் தருமேயன்றி அறிவுக்குத் தெளிவு தராது. இத்தனை ஆண்டுகளில் ஆட்சிக்கு வந்த கட்சிகள் பல, முதலமைச்சர்கள் பலர். அவர்களுள் நல்லோரும் இருந்தனர். ஆள் மாறியும் முடிவு மாறவில்லையென்றால், ஆளைக் கடந்த காரணம் ஒன்று உண்டென்றே கொள்ள வேண்டும்.

இவ்வாறு காரணம் தேடும் முறையை நமக்குக் கற்பித்தவர் அல்லாமா இப்னு கல்தூன் (ரஹ்). 1332இல் தூனிஸில் பிறந்து, 1406இல் கெய்ரோவில் மறைந்தவர். ஃபாஸ், கிரனாடா, பிஜாயா அரசவைகளில் பதவி வகித்தவர், சிறையும் கண்டவர், கெய்ரோவில் மாலிக்கீ மத்ஹபின் தலைமைக் காழியாகப் பன்முறை அமர்த்தப்பட்டுப் பன்முறை நீக்கப்பட்டவர். அதிகாரத்தை ஏட்டில் மட்டுமன்றி வாழ்விலும் ஓதியவர் எனலாம். 1377இல் அவர் வரைந்த ‘முகத்திமா’வில், ஓர் அரசின் தொடக்கத்தில் குறைந்த வரி மிகுந்த வருவாயைத் தருவதும், முடிவில் மிகுந்த வரி குறைந்த வருவாயைத் தருவதும் ஏனென்று விளக்கும் இயல் உலகப் புகழ் பெற்றது. அமெரிக்க அதிபர் ரீகன்கூட 1981இல் அவர் பெயரை எடுத்துக்காட்டினார்.

ஆனால் நம் பொருளுக்கு நெருங்கியது அவ்வியலன்று. வாழ்வாதாரங்களைப் பேசும் ஐந்தாம் பகுதியில் ‘ஜாஹ்’ பற்றி வரும் இயலே. ஜாஹ் என்றால் பதவிவழி வரும் செல்வாக்கு. செல்வாக்குடையவரை நாடி வருவோர் தம் உழைப்பையும் பொருளையும் அவருக்கு ஈந்து நெருங்குகின்றனர். கூலி கொடுத்துப் பெறவேண்டிய பணிகள் அவருக்குக் கூலியின்றிக் கிடைக்கின்றன. அப்பணிகளின் மதிப்பு விரைவில் அவரது செல்வமாகத் திரள்கிறது என்கிறார் ஆசிரியர். இந்த ஜாஹ் ஆட்சியாளரிடமிருந்து படிப்படியாகக் கீழிறங்குகிறது. ஒவ்வொரு படியில் இருப்பவனும் மேற்படியில் இருப்பவனின் தயவை வேண்டி நிற்கிறான். ஆகவே பணிந்து நயந்து நடப்பவனுக்கே பெரும்பாலும் பேறு வாய்க்கிறது என்பதைத் தனி இயலாகவே எழுதினார். இங்கு அவர் யாரையும் பழிக்கவில்லை என்பது நோக்கத்தக்கது. நீர் பள்ளத்தை நோக்கி ஓடுவதைச் சொல்வது போலவே சொல்கிறார்.

ஐந்தரை நூற்றாண்டுக்குப் பின் மேற்கில் இம்முறை தனித் துறையாகவே வளர்ந்தது. அந்தோணி டவுன்ஸ் 1957இலும், புக்கானன், டல்லாக் இருவரும் 1962இலும் எழுதிய நூல்கள் அதன் அடித்தளங்கள். புக்கானனுக்கு 1986இல் பொருளியல் நோபல் பரிசு கிடைத்தது. சந்தையில் தன்னலம் நாடும் மனிதன் அமைச்சரவைக்குள் நுழைந்தவுடன் வேறு மனிதனாகிவிடுவதில்லை என்பதே அவர்கள் வாதத்தின் சாரம். இவர்கள் இப்னு கல்தூனிடமிருந்து எடுத்தார்கள் என்று நம்மவர் சிலர் மேடையில் முழங்குவது எனக்கு உடன்பாடன்று. ஒரே கேள்வியைக் கேட்டவர்கள் ஒரே திசையில் நடந்தார்கள், அவ்வளவே.

இக்கேள்வியைப் புதுச்சேரியிடம் கேட்போம். 2011 கணக்கெடுப்பில் அதன் மக்கள்தொகை 12,47,953. தேர்ந்தெடுக்கப்படும் சட்டமன்ற உறுப்பினர் 30 பேர். ஓர் உறுப்பினருக்குச் சுமார் 41,600 பேர். தமிழ்நாட்டிலோ அதே கணக்கெடுப்பின்படி 7.21 கோடி மக்களுக்கு 234 பேர். ஓர் உறுப்பினருக்கு மூன்று இலட்சத்துக்கு மேல். கடலூர் மாவட்டத்துச் சட்டமன்ற உறுப்பினர் ஒவ்வொரு தெருவையும் அறிய முடியாது. அறிய வேண்டுமென எவரும் எதிர்பார்ப்பதுமில்லை. எல்லைக்கு இப்பாலுள்ள பாகூரில் அவர் தெரு விளக்கையும் அறிவார். முதியோர் உதவித்தொகை கேட்டு நிற்கும் மூதாட்டியையும் அறிவார். வாய்க்கால், சாலை, குடிநீர்க் குழாய் எல்லாம் அவர் வாயிலுக்கே வருகின்றன. ஜாஹ் என்பது இதுவே. வார்டு உறுப்பினரும் பஞ்சாயத்துத் தலைவரும் வந்துவிட்டால் இதே சிற்றுதவிகளை வழங்கும் கை பலவாகிவிடும். நாளைய தேர்தலில் எதிர்த்து நிற்பவரும் அவர்களிலிருந்தே தோன்றுவார். தன் கடைக்கெதிரே ஆயிரம் கடைகளைத் தானே திறந்து வைக்கும் வணிகர் யார்?

இழப்போ பத்து இலட்சம் மக்களுக்குச் சிறிது சிறிதாகப் பரவிக் கிடக்கிறது. ஆதாயம் சிலரிடம் குவிந்தும் இழப்பு பலரிடம் பரவியும் இருக்குமிடத்தில் அச்சிலர் குரலே வெல்லும் என்று மன்சூர் ஓல்சன் என்பார் 1965இல் எழுதினார். (பெயரைக் கண்டு நம்மவரென எண்ணிவிட வேண்டாம், அவர் அமெரிக்கர்.)

இத்துடன் மற்றொன்றும் சேர்கிறது. தமிழ்நாட்டிலும் உள்ளாட்சித் தேர்தல் தள்ளிப்போனதுண்டு. 2016இல் பதவிக்காலம் முடிந்தபின் ஊரகத் தேர்தல் 2019 டிசம்பரில்தான் நடந்தது. அவ்விடைவெளியில் மத்திய நிதிக்குழு வழியாக உள்ளாட்சிகளுக்கு வரவேண்டிய மானியம் நிறுத்தி வைக்கப்பட்டது. தாமதத்துக்கு அங்கே ஒரு விலை இருந்தது. புதுச்சேரியோ ஒன்றியப் பிரதேசம்; அரசமைப்பின் 280ஆம் பிரிவு மாநிலங்களையே பேசுகிறது; ஆகவே நிதிக்குழுவின் வரம்புக்குள் அது வரவில்லை. தேர்தலை நடத்தாவிட்டால் இழப்பதற்கு அந்த மானியமே இல்லை. இமாம் அபூயூஸுஃப் (ரஹ்) கலீஃபா ஹாரூன் அல்-ரஷீதுக்கு எழுதிய ‘கிதாபுல் கராஜ்’ நூலில், நிலத்துக்கு நிலையான வரியை விட விளைச்சலில் பங்கு பெறுவதே மேலென்று கூறியது இங்கு நினைவுக்கு வருகிறது. விளைச்சல் குன்றினால் குடியானவனோடு கருவூலமும் சேர்ந்து நட்டப்படும். அப்போதுதான் அரசுக்குக் குடியானவன் மீது கருத்திருக்கும்.

சிற்றூர்ச் சிறுபான்மைக்கு இது வெறும் ஏட்டுக் கணக்கன்று. வில்லியனூர் சுல்தான்பேட்டை முஸ்லிம்களை எடுத்துக்கொள்வோம். நாற்பதாயிரம் பேர் கொண்ட தொகுதியில் ஒரு பேட்டையின் வாக்கு தயவை வேண்டும் வாக்கு. வார்டு எல்லைக்குள் அதே வாக்கு ஓர் உறுப்பினரைத் தானே அனுப்ப வல்லது. தலித் குடியிருப்புகளுக்கும் இது பொருந்தும். பெண்களுக்குச் சட்டம் ஒதுக்கிய மூன்றில் ஒரு பங்கு இடங்களும் தேர்தல் இல்லையென்றால் இல்லை.

ஆதாயக் கணக்கு எல்லாவற்றையும் விளக்கிவிடுமா? விளக்காது. அஸபிய்யா எனும் கூட்டுணர்வையே தம் நூலின் அச்சாக வைத்தவர் இப்னு கல்தூன். கீழூரில் ஆதரித்து வாக்களித்தோரைச் சுங்க எல்லையின் நெருக்கடி தள்ளியிருக்கலாம். விடுதலை வேட்கையும் தள்ளியது. தனக்கென ஒரு காசும் வராத வழக்கை நீதிமன்றம் கொண்டு சென்றோர் இல்லாமல் 2006 வந்திராது.

2021இல் தேர்தல் அறிவிக்கப்பட்டது. பிற்பட்டோர்க்கும் பழங்குடியினர்க்குமான ஒதுக்கீடு அதில் விடுபட்டபோது ஆளுந்தரப்பிலும் எதிர்த்தரப்பிலும் ஆட்சேபம் எழுந்தது; வழக்கு வந்தது; தேர்தல் நின்றது. ஒதுக்கீட்டுக் கோரிக்கை நியாயமானதே. அந்த நியாயத்துக்காகக் காத்திருப்பதில் சட்டமன்ற உறுப்பினர் எவருக்கும் நட்டமில்லை என்பதும் உண்மையே. ஒதுக்கீட்டுக்குரிய கணக்கெடுப்பை முடித்துத் தேர்தலுக்கு நாள் குறிப்பதில் எந்த அரசு எத்தனை வேகம் காட்டுகிறது என்பதைக் கொண்டு, இவ்விரண்டில் எது எடை மிகுந்ததென்பதைப் பாகூர், வில்லியனூர் வாக்காளரே அளந்துகொள்ளலாம்.