படச்சுருளும் பொய்ச்சான்றும்

நீதிமன்றத்தில் சான்று பகர வருபவரை, நிகழ்ந்ததை நேரில் கண்டாரா, எவர் பொருட்டுப் பேசுகிறார் என்றெல்லாம் வினவுவது மரபு. ஆனால் தொலைக்காட்சியில் பழைய கறுப்பு வெள்ளைப் படச்சுருள் ஓடும்போது நாம் ஏதும் வினவுவதில்லை. கண்ணால் கண்டது மெய் என்று அமைதியடைகிறோம். வார்சா நகரில் எடுக்கப்பட்ட ஒரு படத்தின் வரலாறு இந்த அமைதியைக் குலைக்கிறது.

போலந்தின் தலைநகரான வார்சாவில் 1940ஆம் ஆண்டு நாசிகள் யூத மக்களை மதிலுக்குள் அடைத்தனர். ஒரு கட்டத்தில் 4 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் அங்கே நெருக்குண்டு வாழ்ந்தனர். பசியும் நோயும் நாள்தோறும் உயிர்களைக் குடித்தன. 1942 மே மாதத்தில் ஜெர்மானியப் படப்பிடிப்புக் குழு ஒன்று உள்ளே நுழைந்தது. ஜூலை 22இல் மக்களைத் திரெப்ளிங்கா கொலைக்களத்துக்கு அனுப்பும் பணி தொடங்கியது. மறுநாளே யூத மன்றத் தலைவர் ஆதாம் செர்னியாக்கோவ் தம் உயிரை மாய்த்துக்கொண்டார்.

போருக்குப்பின் கிழக்கு ஜெர்மனியின் காப்பகத்தில் அப்படம் கிடைத்தது. ஏறத்தாழ ஒருமணி நேரம் ஓடும் அது முற்றுப்பெறாதது, ஒலியும் அற்றது. ஆகவே ஆவணப்படம் எடுப்போர் வேண்டிய துண்டுகளை வெட்டியெடுத்துத் தங்கள் விளக்கவுரையை அவற்றோடு இணைத்தனர். அவை பல ஆண்டுகள் நேர்மையான சான்றுகளாகவே உலவின.

1998இல் கழிக்கப்பட்ட காட்சிகள் அடங்கிய மற்றொரு சுருள் வெளிப்பட்டது. ஒரே காட்சி திரும்பத் திரும்ப நடிக்கவைக்கப்பட்டதை அது காட்டியது. நல்லாடை அணிந்தோர் உணவகத்தில் விருந்துண்பதும், வறியோரைப் பாராமல் கடந்து செல்வதும் கட்டளைப்படி நடந்தவை. தம் அலுவலறையின் படங்களை அகற்றி, மேசைமேல் ஒன்பது கிளை விளக்குத்தண்டை ஏற்றிவைத்துப் படமெடுத்ததைச் செர்னியாக்கோவ் தம் நாட்குறிப்பில் பதிந்திருந்தார். யூதச் செல்வர் தம் இனத்தின் ஏழைகள்மீது இரக்கமற்றவர் என்று பழிசுமத்துவதற்கு ஏற்றவாறு காட்சிகள் அமைக்கப்பட்டன. இஸ்ரயேல் நாட்டு இயக்குநர் யாயேல் ஹெர்சோன்ஸ்கி 2010இல் வெளியிட்ட ஆவணப்படம் இவற்றையெல்லாம் அடுக்கிக்காட்டியது.

அப்படியாயின் அப்படத்தை எரித்துவிடலாமா? கூடாது. விருந்து நடிப்பே, ஆனால் தெருவோரக் குழந்தையின் பசி நடிப்பன்று. கொலைஞனின் கருவியே அறியாமல் அம்முகங்களைக் காத்துத் தந்திருக்கிறது. உயிர்தப்பியோர் அத்திரையில் தங்கள் உற்றாரைத் தேடினர். யார், எதற்காக எடுத்தார் என்பதைச் சேர்த்துச் சொல்லும்போதுதான் அப்படம் உண்மைச் சான்றாகிறது. அதை மறைத்துக் காட்டுபவர், நல்லெண்ணத்தோடு காட்டினாலும், கொலைஞனின் பழிச்சொல்லையே மீண்டும் ஒலிக்கச் செய்கிறார்.

அதே 1998ஆம் ஆண்டில், யூத இனப்படுகொலையை நினைவுகூருமாறு கத்தோலிக்கருக்கு வத்திக்கான் ஓர் ஆவணத்தின் வழியாக அழைப்பு விடுத்தது. நினைவுகூர்தல் கடமையெனில், எதை மெய்யென நினைவில் கொள்கிறோம் என்று ஆய்வதும் கடமையே. என்றோ எங்கோ எடுத்த படத்தை இன்று இங்கே நடந்ததென்று கைப்பேசி வழியாகப் பரப்பி, அயலாரைப் பகைவராக்கும் காலம் இது. பொய்ச்சான்றை விலக்கும் எட்டாம் கட்டளை நாவுக்கு மட்டும் உரியதன்று. படத்தை அனுப்பும் விரலையும் அது கட்டுப்படுத்துகிறது.