ஆச்சா மரத்தில் ஒரு மத்திமம்

மாசி மகத்துக்குச் சன்னாசிமலை புறப்படும் வெள்ளி ரதத்தின் முன்னாலும் சரி, மஸ்ஜித் தானா பக்கத்துத் தோட்டக் கோயில் திருவிழாவிலும் சரி, இன்று நம் காதில் விழுவது பாரி நாயனம். நீண்ட குழல், கனத்த குரல். அது மலாயாவுக்குக் கப்பலேறிய கதையை இந்த வாரம் சொல்வதாக இருந்தேன். அதைப் படைத்த கைகளைத் தாண்டிப் போக மனம் வரவில்லை.

நம் பாட்டன்மார் பால்மரம் வெட்ட வந்த காலத்தில் ஊரில் முழங்கியது திமிரி. குட்டைக் குழல், நாலு கட்டைக்கு மேற்பட்ட சுருதி. நாலு வீதிக்கும் கேட்கும். ஆனால் சுத்த மத்திமம் அதில் நேராகப் பேசாது; மூச்சையும் உதட்டையும் அடக்கித்தான் பிடிக்க வேண்டும். தோடிக்கு உயிரே அந்த மத்திமம்.

தோடி என்றால் திருவாவடுதுறை ராஜரத்தினம் பிள்ளை (1898-1956). என்ன மனிதர்! குடுமியைக் கத்தரித்தார். ஷெர்வானி அணிந்தார். ஒத்தைத் தள்ளிவிட்டுத் தம்புராவை வைத்துக்கொண்டார். 1940இல் 'கவி காளமேகம்' படத்தில் நடித்தார். நாயனக்காரனைத் துண்டை இடுப்பில் கட்டி நிற்கவைத்த பண்ணையார்களை நான் மன்னிக்கத் தயாரில்லை. அவர்கள் கண்ணெதிரே மேடையில் உட்கார்ந்து வாசித்தவர் இவர்.

அவர் கேட்ட குரலை மரத்தில் கொண்டுவந்தவர் நரசிங்கம்பேட்டை ரங்கநாதன் ஆசாரி. பச்சை மரம் வெடிக்கும், வளையும். அதனால் பழைய வீடுகளை இடிக்கும்போது கிடைக்கும் ஆச்சா மரத்து உத்திரமும் தூணுமே வேண்டும். பல்லாண்டு காய்ந்த கட்டை. அதைக் கடைந்து, மேலே குறுகிக் கீழே விரியும்படி உள்ளே குடைய வேண்டும். விரல் துளைகள் ஏழு, பிரம்ம சுரத் துளைகள் ஐந்து. ஒரு துளை நெல்லளவு நகர்ந்தாலும் சுரம் பிசகும். ஆசாரி குழலை நீட்டினார், துளைகளின் இடத்தை மாற்றினார். சுருதி இரண்டு, இரண்டரைக் கட்டைக்கு இறங்கியது. சுத்த மத்திமம் தானாக வந்து நின்றது.

2022இல் நரசிங்கம்பேட்டை நாகஸ்வரத்துக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. ராஜரத்தினத்தின் தோடியைப் பேசுகிறவர்கள் ஆசாரியின் பெயரையும் அதே மூச்சில் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி.

கப்பல் அடுத்த வாரம்.

(தொடரும்)