அவுரிக்குப் பிறந்த அனிலீன்

பிளஸ் டூ வேதியியல் செய்முறையில் மாணவர்கள் காத்துக்கிடப்பது சாயச் சோதனைக்குத்தான். சோதனைக் குழாயில் சில சொட்டு அனிலீன், அதில் நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலம். குழாயைப் பனிக்கட்டியில் வைத்துக் குளிரவிட்டு, குளிர்ந்த சோடியம் நைட்ரைட் கரைசலைச் சேர்க்க வேண்டும். அதுவரை ஒன்றும் நடக்காதது போலவே இருக்கும். காரத்தில் கரைத்த பீட்டா நாஃப்தாலில் அதைச் சாய்த்ததும் குப்பென்று செக்கச்செவேலென ஒரு நிறம் எழும். 1858-இல் பீட்டர் கிரீஸ் கண்டுபிடித்த இந்த வினைதான் அசோ சாயங்கள் அத்தனைக்கும் அடிப்படை. அமிலத்தையும் காரத்தையும் பிரித்துக் காட்டும் மெத்தில் ஆரஞ்சும் அந்த வகையறாதான்.

விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் இந்தச் சோதனையைச் செய்துவிட்டுப் போனவர்கள் ஏராளம். குப்பியில் ஒட்டியிருந்த ‘அனிலீன்’ என்ற பெயர், தங்கள் சுற்றுவட்டாரத்தில் இன்றும் பயிராகும் அவுரிச் செடியைக் குறிக்கிறது என்று அவர்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? அவுரி தரும் சாயத்தின் பெயரான நீலம் என்ற சொல் அரபு நாட்டு வணிகர் வழியே ‘அந்நீல்’ ஆகி, போர்ச்சுக்கீசியர் வாயில் ‘அனில்’ ஆயிற்று. அந்த அனிலுக்குப் பிறந்ததுதான் அனிலீன்.

இதில் வேடிக்கை, அவுரி இலையில் அனிலீனும் இல்லை, நீலமும் இல்லை. இருப்பது இண்டிகன் என்ற நிறமற்ற பொருள், சர்க்கரையோடு பிணைந்து கிடக்கிறது. நீலம் பிறப்பது தொட்டியில்தான். அறுத்த செடியைக் கட்டுக்கட்டாகத் தொட்டியில் அடுக்கி, மிதக்காதபடி கழிகளைக் குறுக்கே போட்டு அழுத்தி, தண்ணீர் விட்டு ஓர் இரவு ஊறவைப்பார்கள். இலையிலுள்ள நொதி சர்க்கரையைக் கழற்றிவிட, இண்டாக்சில் தண்ணீரில் இறங்கும். விடிந்ததும் பார்த்தால் மஞ்சளும் பச்சையுமாக, வாடையோடு ஒரு நீர். அதைக் கீழ்த்தொட்டிக்குத் திறந்துவிட்டு, ஆட்கள் உள்ளே இறங்கித் துடுப்பாலும் காலாலும் அடிக்கத் தொடங்குவார்கள். காற்றை உள்ளே செலுத்தத்தான் இத்தனை அடி. பச்சை நுரை கொஞ்சம் கொஞ்சமாக நீல நுரையாக மாறும். காற்றின் ஆக்சிஜன் பட்டு, இரண்டிரண்டு இண்டாக்சில் சேர்ந்து ஒவ்வோர் இண்டிகோ மூலக்கூறாகும் வேளை அது. தண்ணீரில் கரையாத நீலம் அடியில் படியும். மேல்நீரை இறுத்து, வண்டலைக் காய்ச்சி, துணியில் வடித்து, அழுத்தி, துண்டு போட்டு உலர்த்தினால் நீலக்கட்டி.

கரையாத பொருளைத் துணியில் ஏற்றுவது எப்படி? சாயக்காரர்களிடம் அதற்கும் வழி இருந்தது. வேகவைத்த தகரை விதையையும் சுண்ணாம்பையும் சாலில் நீலத்தோடு சேர்த்துப் புளிக்கவிடுவார்கள். புளிப்பில் நீலம் ஆக்சிஜன் ஒடுக்கம் பெற்று, நிறம் இழந்து, காரநீரில் கரைந்துவிடும். அதில் முக்கிய நூலை வெளியே எடுத்தால், காற்றுப் பட்ட மாத்திரத்தில் இழைக்குள்ளேயே மறுபடி நீலமாகும். அப்புறம் துவைத்தாலும் போகாது.

பழைய தென்னார்க்காடு மாவட்டம் சென்னை மாகாணத்தின் பேர்பெற்ற அவுரிச் சீமைகளில் ஒன்று. திண்டிவனத்திலிருந்து ஏறத்தாழ 40 கிலோமீட்டரில் இருக்கும் புதுச்சேரியில் நீலம் தோய்த்த பருத்தித் துணி, ‘கினே’ என்ற பெயரில் கப்பலேறி மேற்கு ஆப்பிரிக்காவின் செனகல் வரை போனது. அங்கே பிசின் வாங்க அந்தத் துணியே பணமாகவும் செல்லுபடியானது.

ஐரோப்பாவுக்குப் போன நீலக்கட்டி சாயப்பட்டறையோடு நிற்கவில்லை. அதைக் காய்ச்சினால் என்ன வரும், அமிலம் விட்டால் என்ன வரும் என்று வேதியியலாளர்கள் கிளறத் தொடங்கினார்கள். 1826-இல் ஓட்டோ உன்வர்டோர்பன் நீலத்தை வாலைவடித்து எண்ணெய் போன்ற ஒரு திரவம் எடுத்தார். அதன் உப்புகள் சுலபமாகப் படிகமானதால் ‘கிறிஸ்டலின்’ என்று பெயரிட்டார். 1834-இல் ஃப்ரீட்லீப் ரூங்கே நிலக்கரித் தாரிலிருந்து ஒரு பொருளைப் பிரித்தார். சலவைத்தூள் பட்டதும் அது நீலம் காட்டவே ‘கயனோல்’ என்றார். 1840-இல் கார்ல் ஃப்ரிட்ஷே நீலத்தை எரிபொட்டாஷோடு சூடாக்கி எடுத்ததற்கு, செடியின் நினைவாக ‘அனிலின்’ என்று பெயர் வைத்தார். 1842-இல் ரஷ்யாவின் கசான் நகரில் நிக்கோலாய் சீனின் நைட்ரோபென்சீனிலிருந்து உண்டாக்கியதை ‘பென்சிடாம்’ என்று அழைத்தார்.

நான்கு பேர், நான்கு பெயர். 1843-இல் ஹாஃப்மன் என்ற வேதியியலாளர் நான்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஆராய்ந்து, எல்லாம் ஒன்றேதான் என்று நிறுவினார். நிலைத்தது செடியின் பெயர்.

அதே ஹாஃப்மனின் மாணவர் வில்லியம் பெர்க்கின். மலேரியாவுக்கான குயினைனைச் செயற்கையாகச் செய்யப் பார்த்தவர், 1856-இல் தம் 18-ஆம் வயதில், அனிலீனில் கைவைத்தபோது கிடைத்தது கருப்புக் கசடு. அதைச் சாராயத்தில் கரைத்ததும் ஊதா நிறம் இறங்கியது. அதுவே ‘மாவ்’. அவருடைய அனிலீன் தூய்மையாக இருந்திருந்தால் அந்த நிறம் வந்திருக்காது. கலந்திருந்த டொலுடீன்தான் வேலை செய்தது. செயற்கைச் சாயத் தொழில் அதிலிருந்து புறப்பட்டது.

நீலத்தை உடைத்தால் அனிலீன் வருமென்றால், அனிலீனிலிருந்து நீலம் கட்ட முடியாதா? அடால்ஃப் பேயர் 1880-இல் ஆய்வகத்தில் நீலத்தைச் செய்துகாட்டினார். 1883-இல் அதன் அமைப்பையும் சொன்னார். ஆனால் அவர் வழியில் செலவு கட்டுப்படியாகவில்லை. 1890-இல் கார்ல் ஹாய்மன் அனிலீனிலிருந்து புறப்படும் ஒரு பாதையையும், ஆந்த்ரனிலிக் அமிலத்திலிருந்து புறப்படும் இன்னொன்றையும் காட்டினார். இரண்டாவதைப் பிடித்துக்கொண்டு ஜெர்மனியின் பி.ஏ.எஸ்.எஃப். நிறுவனம் 1897-இல் செயற்கை நீலத்தைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. 1901-இல் சோடமைடு சேர்க்கும் உத்தி தெரிந்ததும் அனிலீன் பாதையும் லாபகரமாயிற்று. 1897-இல் உலகில் செடியிலிருந்து எடுத்த நீலம் சுமார் 19,000 டன். 1914-இல் அது 1,000 டன் அளவுக்கு இறங்கியிருந்தது. வங்காளம், பீகார் தொடங்கித் தென்னார்க்காடு வரை அவுரி வயல்கள் சுருங்கின. இன்று ஜீன்ஸ் துணிக்குப் போகும் நீலத்தில் பெரும்பகுதி அனிலீனில் தொடங்கிச் செய்ததுதான்.

வயல் சுருங்கினாலும் பெயர்கள் பெருகிக்கொண்டே போயின. நிலக்கரிக்கான கிரேக்கச் சொல்லோடு அனிலை ஒட்டியதுதான் ஆந்த்ரனிலிக். செடியும் சுரங்கமும் ஒரே சொல்லில் இருக்கின்றன. நீலத்திலிருந்து பேயர் பெற்ற வளையத்துக்கு இண்டோல் என்று பெயர். டிரிப்டோஃபானிலும், நம் மூளையின் செரட்டோனினிலும் இருப்பது அந்த வளையம். 1886-இல் காய்ச்சல் மருந்தாக வந்த அசிட்டனிலைடின் நெருங்கிய சொந்தம், இன்று நாம் போட்டுக்கொள்ளும் பாராசிட்டமால். கிருமிக்கொல்லியான சல்ஃபனிலமைடின் நடுவிலும் அனிலின் ஓசை கேட்கும்.

அவுரி அழிந்துவிடவில்லை. திண்டிவனம் பக்கத்தில் இன்னும் அறுக்கிறார்கள், ஊறவைக்கிறார்கள். இயற்கைச் சாயம் கேட்பவர்களுக்கு நீலக்கட்டியாகவும், நரைக்குப் பூசுபவர்களுக்கு மருதாணியோடு சேரும் இலைப்பொடியாகவும் அது போகிறது. பொடியைத் தண்ணீரில் குழைத்துத் தலையில் வைத்தால் தொட்டியில் நடந்த அதே வினை முடியில் நடக்கிறது. கடையில் வாங்கும் பல ‘டை’களில் இருக்கும் பாராஃபினைலீன்டையமீனோ அனிலீனின் உடன்பிறப்பு. பென்சீன் வளையத்தில் ஓர் அமீனுக்குப் பதில் இரண்டு. ஆக, நரையை மறைக்க எந்தப் பக்கம் போனாலும் அவுரி வீட்டுக் கதைதான்.

தொட்டி நீலத்துக்கும் ஆலை நீலத்துக்கும் மூலக்கூறில் வித்தியாசமே கிடையாது. தொட்டியில் பிறந்ததோடு இண்டிருபின் என்ற சிவப்பும், இலையின் பிற மிச்சங்களும் சேர்ந்து வரும்; நிறத்தின் ஆழம் அவற்றால் மாறுகிறது. ஊறி முடித்த சக்கையும் வீண் போகாது. அவுரி பயறு வகைக் குடும்பம். சக்கை நிலத்துக்கு நல்ல எரு. ஆலையால் தர முடியாதது அதுதான்.

பெயர் விஷயத்திலும் செடி தோற்கவில்லை. ஒழுங்குமுறைப்படி அந்தச் சேர்மத்தை பென்சீனமீன் என்றே சொல்லிவிடலாம். வளையமும் அமீனும் அதில் தெளிவாகத் தெரியும். ஆனாலும் சர்வதேச வேதியியல் ஒன்றியமான ஐயுபிஏசி, 2013-இல் வெளியிட்ட பெயரிடும் விதிகளில் முதன்மைப் பெயராக அனிலீனையே வைத்துக்கொண்டது.