வயது என்னும் எல்லைக்கோடு: அல்சைமர் நோய் வரலாற்றில் 1910ஆம் ஆண்டு வகைப்பாடும் அதன் விளைவுகளும்

ஆய்வுச் சுருக்கம்

1910இல் எமில் கிரேப்பெலின் தம் உளமருத்துவப் பாடநூலில் அல்சைமர் நோய் என்னும் பெயரை முதன்முதலாக வழங்கினார். முதுமைக்கு முன்னரே தோன்றும் அறிவழிவுக்கு உரியதாக அப்பெயர் நிலைத்தது. முதியோர் மூளையில் காணப்பட்ட அதே மாற்றங்கள் மூப்பின் இயல்பு என ஒதுக்கப்பட்டன. இவ்வெல்லை உருவான முறையையும், 1960, 70களில் அது அழிக்கப்பட்ட முறையையும், நோயின் படர்ச்சி, காரணம், தாமதப்படுத்தும் வழி ஆகியவை பற்றிய அறிவை அது பாதித்த விதத்தையும் இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச் சொற்கள்: மறதிநோய், அல்சைமர், கிரேப்பெலின், மூப்பு, நோய் வகைப்பாடு, மருத்துவ வரலாறு

முன்னுரை

தமிழ்ச் செய்தித்தாள்களிலும் நலவாழ்வு வெளியீடுகளிலும் 'முதுமை மறதி' என்னும் தொடர் நிலைபெற்றுவிட்டது. ஈழத்தமிழர் வழக்கிலுள்ள 'அறளை பெயர்தல்' என்பதும் வயது முதிர்ந்தோரைக் குறித்தே வழங்கும். 'முதுமை மறதி' என்னும்போது இரண்டு கருத்துகள் ஒருசேர ஏற்கப்படுகின்றன: இது மூப்பில் வருவது; இதன் சாரம் மறதி. ஆயின் மருத்துவ வரலாற்றில் அல்சைமர் நோய்க்கு முதற்சான்றாக நிற்கும் பெண் ஐம்பத்தொரு வயதினர். அவரிடம் குடும்பத்தார் முதலில் கண்டதும் மறதியன்று. கணவர்மீது எழுந்த பொறாமையும் ஐயமுமே.

மறதிநோய் என்பது தனியொரு நோயின் பெயரன்று. நினைவு, மொழி, இடவறிவு, தீர்மானிக்கும் ஆற்றல் ஆகியவை அன்றாட வாழ்க்கையைக் குலைக்கும் அளவுக்குச் சிதையும் நிலைக்கான பொதுப்பெயர் அது. அந்நிலையை உண்டாக்குவனவற்றுள் முதன்மையானது அல்சைமர் நோய். மூளை இரத்தக்குழாய்ச் சேதம், லூயி உடல் நோய், நெற்றிமடல் சிதைவு ஆகியவையும் உண்டு. தைராய்டு சுரப்புக் குறைவு, வைட்டமின் பி12 குறைபாடு, மனச்சோர்வு போன்றவை இதனைப் போலவே தோன்றினாலும் மருத்துவத்தால் சீராகக் கூடியவை. 'வயதானால் இப்படித்தான்' என்று ஒரு குடும்பம் அமைதி கொள்ளும்போது முதலில் கைநழுவுவது இவ்வாய்ப்பே. அந்த அமைதியை மருத்துவத் துறையும் நெடுங்காலம் பகிர்ந்துகொண்டது என்பதே இக்கட்டுரைக்கு அடிப்படை.

பிராங்க்பர்ட் ஏடு

1901 நவம்பர் 25 அன்று பிராங்க்பர்ட் நகர மனநோயகத்தில் அவுகுஸ்தே டேட்டர் என்னும் பெண் சேர்க்கப்பட்டார். கணவர் இரயில்வே எழுத்தர். பொறாமையில் தொடங்கிய மாற்றம் விரைவில் நினைவிழப்பாகவும் பொருள்களை ஒளித்துவைப்பதாகவும் தம்மைக் கொல்ல வருகிறார்கள் என்ற அச்சமாகவும் வளர்ந்திருந்தது. மறுநாள் அவரை ஆய்ந்த அலோய்ஸ் அல்சைமர், கேட்ட வினாக்களையும் பெற்ற விடைகளையும் அப்படியே எழுதிவைத்தார். கணவர் பெயர் கேட்டபோது அவர் தம் பெயரையே சொன்னார். காலிஃபிளவரும் பன்றியிறைச்சியும் உண்டுகொண்டிருந்தவர், என்ன உண்கிறீர்கள் என்றதற்குக் கீரை என்றார். பெயரை எழுதச் சொன்னபோது தொடங்கிய சொல்லை முடிக்க இயலாமல், தம்மையே தொலைத்துவிட்டதாகக் கூறினார்.

இவ்வேடு பல பதிற்றாண்டுகள் காணாமற்போயிருந்து, 1995இல் பிராங்க்பர்ட் பல்கலைக்கழக மருத்துவமனையில் கொன்ராட் மௌரரும் அவர்தம் குழுவினரும் தேடியதில் கிடைத்தது. நோயின் படர்ச்சியை அறிய இன்றும் இது சிறந்த ஆவணமாகும். நோயறிகுறிகளின் பட்டியலாக நின்றுவிடாமல், தனக்கு நேர்வதைத் தானே அரைகுறையாக உணரும் ஒருவரின் குரலையும் பதிவு செய்திருப்பது அதன் தனிச்சிறப்பு.

டேட்டர் 1906 ஏப்ரல் 8 அன்று இறந்தார். அதற்குள் அல்சைமர் மியூனிக்கில் கிரேப்பெலினிடம் பணியில் சேர்ந்திருந்தார். வரவழைக்கப்பட்ட மூளையைப் பீல்ஷோவ்ஸ்கியின் வெள்ளிச் சாய முறையால் ஆய்ந்தபோது இரண்டு மாற்றங்கள் தெரிந்தன. நரம்புச் செல்களின் உள்ளே நுண்ணிழைகள் தடித்துச் சிடுக்குகளாகத் திரண்டிருந்தன. செல்களுக்கு வெளியே, புறணி முழுவதும், ஏதோ ஒரு பொருள் சிறு திட்டுகளாகப் படிந்திருந்தது. அவ்வாண்டு நவம்பரில் டூபிங்கனில் நடந்த தென்மேற்கு ஜெர்மன் உளமருத்துவர் கூட்டத்தில் இதனை அவர் விளக்கினார். அவையில் ஒருவரும் வினா எழுப்பவில்லை.

1910: பெயரும் எல்லையும்

திட்டுகள் அல்சைமருக்கு முன்பே அறியப்பட்டவை. 1907இல் பிராகு நகரில் ஆஸ்கர் ஃபிஷர் முதுமை அறிவழிவால் இறந்த பதினாறு பேரின் மூளைகளை ஆய்ந்து, அவற்றுள் பன்னிரண்டில் இத்திட்டுகளைக் கண்டிருந்தார். ஐம்பது வயதினர் மூளையிலும் முதியோர் மூளையிலும் ஒரே தடயம் என்பதே இவ்விரு ஆய்வுகளையும் சேர்த்துப் படிப்போர்க்கு இயல்பாகத் தோன்றும் முடிவு. 1910இல் வெளிவந்த பாடநூலின் எட்டாம் பதிப்பில் கிரேப்பெலின் வேறு வழியில் சென்றார். விரல்விட்டு எண்ணத்தக்க நோயாளர்களைச் சான்றாகக் கொண்டு, இளமையில் தொடங்குவதைத் தனிநோயாக்கி அல்சைமர் பெயரைச் சூட்டினார். அதன் மருத்துவப் பொருள் இன்னும் தெளிவாகவில்லை என்று அவரே எழுதியிருப்பது கருதத்தக்கது.

இம்முடிவுக்கான காரணங்களை வரலாற்றாசிரியர் பலவாறு ஊகித்துள்ளனர். பிராகு ஆய்வுக்கூடத்துடனான போட்டி என்பர் சிலர். மனநோய்க்கு உடற்காரணம் உண்டென்று நிறுவி உளப்பகுப்பாய்வை எதிர்கொள்ளும் நோக்கம் என்பர் வேறு சிலர். இளவயதினரின் நோய் உண்மையாகவே கடுமையாக இருந்ததால் அவர் அதனை வேறெனக் கருதினார் என்பது மூன்றாவது விளக்கம். இவற்றுள் எதனையும் ஐயமற நிறுவும் ஆவணம் இல்லாத நிலையில் மூன்றாவதே எளிமையானது. பாடநூலின் வாசகத்தோடும் பொருந்துவது. எவ்வாறாயினும், பெயருக்குரிய அல்சைமர் 1911இல் எழுதிய கட்டுரையில் இந்நோயாளர்களைத் தனிநோயினராகக் கொள்ளத் தக்க காரணம் இல்லை என்றும், முதுமை அறிவழிவின் வழக்கத்திற்கு மாறான வடிவமாகவே இதனைக் கொள்ளலாம் என்றும் கருதினார். பாடநூலின் செல்வாக்கின் முன் அக்கட்டுரை எடுபடவில்லை.

பின்வந்தோர் அறுபத்தைந்து வயதை எல்லையாக்கினர். அறுபத்துநான்கில் தொடங்கினால் அரிய நோய். அறுபத்தாறில் தொடங்கினால் மூப்பு. அரிய நோய்க்கு ஆய்வாளர் சிலர் இருந்தனர். மூப்புக்கு மனநோயகங்களின் பின்கட்டுகள் இருந்தன. முதியோரின் நிலைக்கு மூளைத் தமனித் தடிப்பே காரணம் என்ற பொதுவிளக்கம் போதுமானதாகக் கொள்ளப்பட்டது. 1930களில் அமெரிக்காவில் டேவிட் ராத்ஸ்சைல்டு, மூளைச் சிதைவின் அளவும் அறிவழிவின் அளவும் ஒத்துப்போவதில்லை என்று சுட்டி, தனிமையும் வாழ்க்கைச் சூழலும் ஆளுமையும் இதில் பங்குகொள்கின்றன என வாதிட்டார். மனிதநேயம் மிக்க அக்கருத்து, உயிரியல் தேடலைப் பின்னுக்குத் தள்ளவும் உதவியது. 1948இல் நியூட்டன் என்பார் இரண்டும் ஒரே நோய் என எழுதினார். அதனைத் தொடர்ந்தோர் இல்லை.

நியூகாசில்

எல்லையை அசைத்தது எண்ணிக்கை. இங்கிலாந்தின் நியூகாசிலில் உளமருத்துவர் மார்ட்டின் ராத், நோய்க்கூறியலர் பெர்னார்டு டாம்லின்சன், கேரி பிளெஸ்ஸட் ஆகிய மூவரும் முதியோரை வாழுங்காலத்திலேயே அளவிட்டனர். உடையுடுத்தல், உண்ணல், பணம் கையாளல், வழியறிதல் ஆகியவற்றில் ஏற்பட்ட இழப்புக்கு மதிப்பெண் தந்தனர். இறந்தபின் அவர்தம் மூளையில் திட்டுகளை எண்ணினர். 1968இல் வெளியான முடிவின்படி, திட்டுகள் மிகுந்தபோது அறிவழிவும் மிகுந்தது. தெளிந்த அறிவுடன் இறந்த முதியோர் சிலரிடமும் திட்டுகள் இருந்தன என்பதை அவர்கள் மறைக்கவில்லை. வேறுபாடு அளவில் இருந்தது.

இதனை அடியொற்றி 1976இல் நியூயார்க் நரம்பியலர் ராபர்ட் காட்ஸ்மன் எழுதிய சிறு தலையங்கம், வயதெல்லையைக் கைவிடக் கோரியது. அதனைக் கைவிட்டால் இந்நோய் அமெரிக்காவில் இறப்புக் காரணங்களுள் நான்காவதாகவோ ஐந்தாவதாகவோ இருக்கும் என்று அவர் கணித்தார். இரண்டாண்டுகளுக்கு முன்னர் நிறுவப்பட்ட தேசிய முதுமை ஆய்வு நிறுவனத்திற்கு அக்கூற்று மிகவும் பயன்பட்டது. மூப்பை ஆராய நிதி கேட்பதைவிட ஒரு நோயை வெல்ல நிதி கேட்பது எளிது. கோட்டை வரைந்ததில் நிறுவன நலன் இருந்தது என்று ஐயுறுவோர், அதனை அழித்ததிலும் அது இருந்தது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

படர்ச்சி

1991இல் ஹைக்கோ பிராக்கும் ஈவா பிராக்கும் இழைச்சிடுக்குகள் மூளையில் பரவும் ஒழுங்கை ஆறு படிநிலைகளாக வகுத்தனர். பொட்டுமடலின் உட்பகுதியில் தொடங்கி, புதிய நினைவுகளைப் பதிக்கும் ஹிப்போகேம்பசை அடைந்து, பின்னர்ப் புறணியெங்கும் அவை பரவுகின்றன. இயக்கத்தையும் முதன்மைப் பார்வையையும் ஆளும் பகுதிகள் நெடுநாள் தப்பி நிற்கின்றன. காலையில் வந்து சென்ற மகளை மறந்தவர் தம் பள்ளிக்காலத்தை விரிவாகச் சொல்வதும், பெயர் மறந்த பின்னும் நன்றாக நடப்பதும் இதனால் விளங்கும். அடுத்துச் சொல் தேடுதலும் வழி தவறுதலும், அதன்பின் ஆளறிதலில் குழப்பமும், இறுதியில் விழுங்குதல் இடர்ப்பாடும் வருகின்றன. நுரையீரல் தொற்றே பலர்க்கு முடிவாகிறது. எல்லார்க்கும் இவ்வரிசை பொருந்துவதில்லை என்பதற்கு டேட்டரே சான்று.

அமிலாய்டு எனப் பெயர்பெற்ற திட்டுகளின் வழி வேறு. அவை புறணியில் தொடங்கி உள்நோக்கிச் செல்கின்றன. அவற்றின் படிவு, அறிகுறிகள் தோன்றுவதற்குப் பதினைந்து இருபது ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிடுகிறது என்பது பின்னைய கண்டறிதல். இக்கணக்கின்படி எண்பதில் அறியப்படும் நோய் அறுபதில் தொடங்கியது. அறுபத்தைந்து என்னும் எல்லைக்கு உயிரியலில் இடமில்லை.

காரணம்: அரிதானதிலிருந்து பொதுவுக்கு

1984இல் ஜார்ஜ் கிளென்னரும் கெய்ன் வாங்கும் திட்டுகளின் புரதத்தைப் பிரித்தெடுத்தனர். சிடுக்குகளின் முதன்மைப் பொருள் டௌ என்னும் புரதம் என்பதும் அடுத்த சில ஆண்டுகளில் தெளிவாயிற்று. அமிலாய்டு முன்னோடிப் புரதத்தின் மரபணு 21ஆம் குரோமோசோமில் இருந்தது. அக்குரோமோசோமின் மூன்று படிகளுடன் பிறக்கும் டவுன் நோய்க்குறியினர் நாற்பது வயதளவில் இம்மாற்றங்களைப் பெறுவது இதனால் பொருள்பட்டது. 1991இல் அம்மரபணுவிலும் 1995இல் பிரெசெனிலின் மரபணுக்களிலும் குடும்பவழி மாற்றங்கள் கண்டறியப்பட்டன. இடையில், 1992இல், ஜான் ஹார்டியும் ஜெரால்டு ஹிக்கின்சும் அமிலாய்டு படிவே தொடக்கம், பிற யாவும் அதன் தொடர்ச்சி என்னும் கருதுகோளை முன்வைத்தனர்.

இங்கு ஒரு முரண் உண்டு. காரணம் பற்றிய உறுதியான சான்றுகள் இளவயதில் நோயுறும் அரிய குடும்பங்களிலிருந்தே பெறப்பட்டன. இவர்கள் நோயாளருள் நூற்றுக்கு ஒருவர் அளவினர்கூட இல்லை. வயதெல்லை அழிந்திருந்தமையால் அச்சான்றுகள் முதியோர் அனைவர்க்கும் நீட்டிக்கப்பட்டன. முதியோர் மூளையோ அவ்வளவு தூய்மையானதன்று. டேவிட் ஸ்னோடன் 678 அமெரிக்கக் கன்னித்துறவியரை வைத்து நடத்திய ஆய்வில், அல்சைமர் மாற்றங்களுடன் சிறு இரத்தக்குழாய் அடைப்புகளும் உடையோர்க்கு மறதிநோய் வெளிப்பட்டிருக்கும் வாய்ப்பு மிக அதிகமாக இருந்தது. திட்டுகளும் சிடுக்குகளும் மலிந்த மூளையுடன் நூற்றொரு வயதுவரை தெளிவாக வாழ்ந்த துறவியும் அவர்களுள் ஒருவர். ராத்ஸ்சைல்டு கண்ட பொருத்தமின்மை மீண்டும் தலைகாட்டியது; பழைய தமனிக் கோட்பாட்டிலும் ஓரளவு உண்மை இருந்திருக்கிறது. 1910இன் கோடு முதியோரை நோயிலிருந்து விலக்கியது என்றால், 1976இன் அழிப்பு அவர்தம் பல நோய்களை ஒரே பெயருக்குள் அடைத்தது.

டேட்டரின் நிலையும் இதில் அடங்கும். அவருடைய மூளைத் துணுக்குகளில் பிரெசெனிலின் மாற்றம் இருப்பதாக ஓர் ஆய்வு அறிவித்தது. 2014இல் வெளியான மற்றோர் ஆய்வால் அதனை உறுதிப்படுத்த இயலவில்லை.

தாமதப்படுத்தல்

மூளையில் அசிட்டைல்கோலின் குறைவதாக 1970களின் இடையில் கண்டதன் பயனாக, 1993இல் டாக்ரினும் 1996இல் டோனெபெசிலும் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றன. இவை அறிகுறிகளைச் சிறிதுகாலம் தணிப்பன. சிதைவைத் தடுப்பன அல்ல. அமிலாய்டு கருதுகோளின் விளைவான லெக்கானெமாப் 2023இல் முழு ஒப்புதல் பெற்றது. தொடக்கநிலை நோயாளரிடம் பதினெட்டு மாதங்களில் சரிவு 27 விழுக்காடு குறைந்தது என்பது பரவலாக மேற்கோள் காட்டப்படும் கணக்கு. பதினெட்டுப் புள்ளி அளவுகோலில் அவ்வேறுபாடு 0.45 புள்ளி என்பதையும் உடன் சொல்லுதல் முறை. மருந்து பெற்றோருள் எட்டில் ஒருவர்க்கு மூளை வீக்கம் படமெடுப்பில் தென்பட்டது. அவருள் பெரும்பாலோர்க்கு அறிகுறி இல்லை. கருதுகோள் முற்றிலும் பொய்க்கவில்லை. அது வாக்களித்த அளவுக்கு மெய்ப்படவும் இல்லை.

குறைந்த ஆரவாரத்துடன் வேறொரு வழி வளர்ந்தது. 1998இல் வெளியான ஐரோப்பிய ஆய்வொன்றில், முதியோரின் மேல் இரத்த அழுத்தத்தை மருந்தால் குறைத்தபோது மறதிநோய் தோன்றும் வீதம் ஏறத்தாழப் பாதியாயிற்று. 2015இல் பின்லாந்தில் 1,260 பேரிடம் உணவு, உடற்பயிற்சி, அறிதிறன் பயிற்சி, இரத்தக்குழாய் நலக் கண்காணிப்பு ஆகியவற்றை ஈராண்டு ஒருங்கே நடத்தியதில் அறிதிறன் ஓரளவு காக்கப்பட்டது. லான்செட் இதழின் ஆணையம் மாற்றியமைக்கத்தக்க இடர்க்காரணிகளை 2017இல் ஒன்பதாகவும் 2024இல் பதினான்காகவும் கணக்கிட்டது. கல்விக் குறைவு, கேள்விக் குறை, உயர் இரத்த அழுத்தம், நீரிழிவு, புகைத்தல், மனச்சோர்வு, தனிமை, காற்று மாசு ஆகியவை அவற்றுட் சில. அனைத்தையும் நீக்க முடிந்தால் ஏறத்தாழ 45 விழுக்காட்டு மறதிநோயைத் தவிர்க்கவோ தள்ளிப்போடவோ இயலும் என்பது அதன் மதிப்பீடு. இது ஒரு கருத்தளவிலான உச்சவரம்பு, தனியொருவர்க்கான உறுதிமொழியன்று. இவற்றுட் பல முதுமைக்கு வெகுமுன்னரே, பள்ளியிலும் நடுவயதிலும், செயற்படுவன.

இதன் விளைவை மக்கள்தொகை அளவில் காட்டிய ஆய்வுகளுள் ஒன்றில் நியூகாசிலும் ஒரு களமாக அமைந்தது. கேம்பிரிட்ஜ்சையர், நாட்டிங்காம், நியூகாசில் ஆகிய மூன்றிடங்களில் அறுபத்தைந்து வயது கடந்தோரை 1989 முதல் 1994 வரையும், மீண்டும் 2008 முதல் 2011 வரையும் ஒரே முறையில் ஆய்ந்தனர். பழைய வீதம் நீடித்திருந்தால் 8.3 விழுக்காட்டினர்க்கு மறதிநோய் இருந்திருக்க வேண்டும், காணப்பட்டதோ 6.5 விழுக்காடு. இடைப்பட்ட ஆண்டுகளில் சிதைவைத் தடுக்கும் மருந்து எதுவும் வந்திருக்கவில்லை.