அழைக்கப்பட்டோரின் ஆட்டம்

மட்டக்களப்பு வாவியின் எழுவான்கரையிலும் படுவான்கரையிலும், கண்ணகி அம்மன் கோயில்களைச் சார்ந்து நெடுங்காலமாக வழங்கிவரும் விளையாட்டு கொம்பு முறித்தல். ஊர் மக்கள் வடசேரி, தென்சேரி என இரு கட்சியாகப் பிரிந்து நிற்பர். வளைந்த மரக் கொம்புகள் இரண்டை ஒன்றோடொன்று கொளுவி, வடம் பூட்டி இழுப்பர். எக்கட்சியின் கொம்பு முறிகிறதோ அக்கட்சி தோற்றதாகும். இதில் சேர எவருக்கும் அழைப்பு வேண்டுவதில்லை. ஊரவர் யாவரும் ஏதேனும் ஒரு கட்சியினரே.

இதற்கு நேர்மாறான இயல்புடைய பந்தயமும் உலகில் உண்டு. ஸ்நூக்கர் என்னும் மேசைப் பந்தாட்டத்தில், தொழில்முறை ஆட்டக்காரருக்கென நடத்தப்படும் அழைப்புப் போட்டியே அது. அழைக்கப்பட்டவர் அன்றி வேறெவரும் அதில் கோல் எடுக்க இயலாது. அவ்வழைப்பு யாருக்கு, எதன் பொருட்டு என்னும் வினா இவ்வாட்டத்தின் வரலாறு முழுவதையும் தொடர்ந்து வருகிறது.

ஸ்நூக்கர் பிறந்தது இந்திய மண்ணில். 1875ஆம் ஆண்டு ஜபல்பூரில் தங்கியிருந்த ஆங்கிலப் படையினரிடையே நெவில் சேம்பர்லின் என்னும் இளம் அதிகாரி இருந்தார். பின்னாளில் பிரதமராய் விளங்கிய சேம்பர்லின் வேறொருவர். இந்த அதிகாரி, பழைய பில்லியர்ட்ஸ் மேசையில் சிவப்புப் பந்துகளோடு பல நிறப் பந்துகளையும் சேர்த்துப் புதியதோர் ஆட்டத்தை வகுத்தார். படைக் கல்லூரியின் முதலாண்டு மாணவரைக் கேலியாகக் குறித்த சொல்லே ஆட்டத்தின் பெயராயிற்று. 1880களின் தொடக்கத்தில், நீலகிரியிலுள்ள உதகமண்டல விடுதியில் அதன் விதிகள் எழுதி மாட்டப்பட்டன. தமிழ்நாட்டு மலையொன்றில் ஒழுங்கு பெற்ற ஆட்டமாயினும், அந்நாளில் அவ்விடுதி ஐரோப்பியருக்கே உரியதாயிருந்தது. ஆக, உறுப்பினருக்கு மட்டும் திறக்கும் கதவின் பின்னேயே ஸ்நூக்கர் வளர்ந்தது.

இங்கிலாந்தில் அது தொழிலாக மாறியபோதும் வளம் பெரிதாக வந்துவிடவில்லை. 1927இல் முதலாவது தொழில்முறை உலகப் பட்டத்தை வென்ற ஜோ டேவிஸ் பெற்ற பரிசு ஆறு பவுண் பத்துச் சிலிங். அவர் 1946 வரை பதினைந்து முறை அப்பட்டத்தை வென்று, பின்னர் அதிலிருந்து விலகினார். அவர் இல்லாத பந்தயத்தில் மக்களின் ஆர்வம் குன்றிற்று. 1957க்குப் பின் உலகப் பட்டப் போட்டியே நின்றுபோய், 1964இல்தான் மீண்டும் தொடங்கியது. இடையில் தொழில்முறை ஆட்டக்காரர் பலர் பிழைப்பிற்கு வேறு வழி தேட நேர்ந்தது.

அவர்களை மீட்டது ஓர் அழைப்பு. ஸ்நூக்கரில் வெள்ளைப் பந்து நீங்கலாக இருபத்தொரு பந்துகள் உள்ளன. பதினைந்து சிவப்புப் பந்துகளுக்கு ஒவ்வொரு புள்ளி. மஞ்சளுக்கு 2, பச்சைக்கு 3, கபிலத்திற்கு 4, நீலத்திற்கு 5, இளஞ்சிவப்பிற்கு 6, கறுப்பிற்கு 7. நிறமே மதிப்பு, அமைதியே அரங்கின் விதி. ஆகவே காதால் மட்டும் கேட்போருக்கு இதனை விளக்குதல் எளிதன்று. வர்ணத் தொலைக்காட்சியோ இத்தகைய ஆட்டத்தைத் தேடிக்கொண்டிருந்தது. 1969 யூலை மாதம் பி.பி.சி. நிறுவனம் எட்டுத் தொழில்முறை ஆட்டக்காரரை அழைத்து, 'பொட் பிளாக்' என்னும் பந்தயத்தை ஒளிபரப்பலாயிற்று. அதில் முதலாவதாக வென்றவர் ரே ரியர்டன். மறைவிடங்களில் ஆடியோரின் முகங்கள் வீடுதோறும் அறிமுகமாயின.

1975இல் 'மாஸ்டர்ஸ்' என்னும் அழைப்புப் போட்டி லண்டனில் தொடங்கியது. அழைக்கப்பட்டோர் பத்துப் பேர். இறுதியாட்டத்தில் ஜோன் ஸ்பென்சரும் ரியர்டனும் எட்டுக்கு எட்டாகச் சமநிலை அடைந்தனர். கடைசிச் சுற்றிலும் புள்ளிகள் ஒத்துவிடவே, கறுப்புப் பந்தை மீண்டும் மேசையில் வைத்து ஆட நேர்ந்தது. அதனை வீழ்த்திய ஸ்பென்சர் கிண்ணத்தைக் கைக்கொண்டார். மறு ஆண்டில் உலகத் தரவரிசை ஏற்பட்டது. காலப்போக்கில் அவ்வரிசையின் முதற் பதினாறு இடத்தினரே மாஸ்டர்ஸ் அரங்கிற்கு அழைக்கப்படலாயினர். பெயர் அழைப்பாகவே நின்றது, பொருள் மாறிவிட்டது. அழைப்பவரின் விருப்பமாயிருந்தது, ஆடுபவர் உழைத்து ஈட்டும் உரிமையாயிற்று.

இம்மாற்றத்தின் மற்றொரு முகத்தை இலங்கை கண்டது. 1967இல் உலக அமெச்சூர் பில்லியர்ட்ஸ் பந்தயம் கொழும்பில் நடைபெற்றது. 1973இல் பம்பாயில் நிகழ்ந்த அதே பந்தயத்தில் எம். ஜே. எம். லாபீர் உலகப் பட்டத்தை வென்றார். ஒரு காலத்தில் ஆள்வோரின் பொழுதுபோக்காயிருந்த மேசையில், ஆளப்பட்ட நாட்டின் மைந்தர் தலைசிறந்து நின்றார்.

எனினும் கதவு முற்றாகத் திறந்துவிட்டதெனக் கூறல் இயலாது. பன்னிரண்டு அடி நீளமும் ஆறடி அகலமும் கொண்ட மேசை, அதன் அடியிற் கற்பலகை, மேலே கம்பளித் துணி, அதனை வைக்க ஓர் அறை: இவை எளிய ஊருக்கு எட்டுவன அல்ல. மட்டக்களப்பில் யேசு சபைத் துறவியான வெபர் அடிகளார் மாணவர்க்குக் கூடைப்பந்து பயிற்றினார். நகரின் விளையாட்டரங்கு இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. அவ்வாட்டத்திற்கு ஒரு வெளியும் இரு வளையங்களும் போதுமாயிருந்தன. ஸ்நூக்கர் மேசைக்கு அத்தகைய வெளி வாய்க்கவில்லை.

தரவரிசை, திறமையுடையோனை அரங்கிற்கு அழைக்கும். ஆனால் கோலை முதன்முதலிற் கையிலெடுக்கும் வாய்ப்பை அதனால் வழங்க இயலாது. அந்த முதல் அழைப்பை விடுக்க வேண்டியவை பள்ளிகளும் ஊர் மன்றங்களுமே.